பார்வையாளர் நின்ற இடம்: இத்தாலியப் பரிசோதனை நாடகங்களும் கேமராவும்

1966-இல் ரோம் நகரின் ‘பீட் 72’ என்ற நிலவறை அரங்கில் நடிகரும் இயக்குநருமான கார்மெலோ பெனே தன் ‘நோஸ்த்ரா சிஞ்ஞோரா தேய் துர்க்கி’ நாடகத்தைப் போட்டார். நடிகர்களுக்கும் பார்வையாளர்களுக்கும் நடுவே கண்ணாடிச் சன்னல்கள் வைத்த ஒரு தடுப்பு இருந்தது. சன்னல் மூடியிருந்தால் உள்ளே நடப்பது தெரியும், பேச்சு கேட்காது. திறந்தால் கேட்கும். இதை ஒலியோடு படம் பிடிக்கச் சொன்னால் மைக்கை எங்கே வைப்பது? கண்ணாடிக்கு உள்ளே வைத்தால் ஒரு சொல் விடாமல் பதிவாகும். ஆனால் அந்த நாடகத்தை அப்படிக் கேட்ட பார்வையாளர் ஒருவர்கூட இல்லை. வெளியே வைத்தால் பெரும்பகுதி நேரம் இருமலும் நாற்காலி நகரும் ஓசையும்தான் விழும். வெளியே வைப்பதே சரி. உள்ளே இன்னொரு மைக் வைத்துத் தனித் தடமாகப் பதிந்துகொள்ளலாம், இரண்டையும் கலக்காதவரை.

இத்தாலியப் பரிசோதனை நாடகத்தைப் படச்சுருளிலும் நாடாவிலும் பதிவதில் உள்ள சிக்கல் அனைத்தும் இந்த ஒரு மைக்கில் இருக்கிறது. வழக்கமான நாடகத்தில் பார்வையாளரின் இடம் கட்டடத்தோடு வருவது: எதிரே வரிசையாக நாற்காலி, முன்னால் திரை. இங்கே அந்த இடத்தை ஒவ்வொரு நாடகத்துக்கும் இயக்குநரே புதிதாக உண்டாக்குகிறார். ஆகவே பார்வையாளர் எங்கே இருந்தார், எதைப் பார்க்க முடிந்தது, எதைப் பார்க்க முடியவில்லை என்பதும் பதிவாக வேண்டும். அது விடுபட்ட பதிவு, எவ்வளவு அழகாக இருந்தாலும், வேறொரு நாடகத்தின் பதிவு.

கொஞ்சம் பின்னணி. 1967 ஜூனில் இவ்ரேயா நகரில் ‘புதிய நாடகம்’ பற்றிய கூட்டம் ஒன்று நடந்தது. ஜூசெப்பே பார்த்தொலூச்சி, எத்தோரே காப்ரியோலோ, எதோவார்தோ ஃபதீனி, ஃப்ராங்கோ குவாத்ரி ஆகிய நான்கு விமர்சகர்கள் அதைக் கூட்டினார்கள். எழுதிவைத்த பிரதிதான் நாடகம் என்ற எண்ணத்தை அங்கே கூடியவர்கள் ஏற்கவில்லை. உடல், ஒலி, வெளிச்சம், இடம் எல்லாம் பிரதிக்குச் சமம் என்றார்கள். இதன் விளைவு ஆவணக்காரர்களின் தலையில் விழுந்தது. பிரதி முதன்மையாக இருந்தவரை, அச்சிட்ட புத்தகமே நாடகத்தைப் பாதி காப்பாற்றிவிடும். பெனேயும், லியோ தெ பெரார்தினிஸ் - பெர்லா பெராகல்லோ இணையும் செய்த நாடகங்களில் புத்தகத்தில் அடங்குவது மிகச் சொற்பம். படம் பிடிக்காவிட்டால் புகைப்படங்களும் பத்திரிகை விமர்சனமும் மட்டுமே மிஞ்சும்.

நிலவறையில் எவ்வளவு வெளிச்சம்?

அப்படியானால் ஏன் நிறையப் படம் பிடிக்கவில்லை? பணம் ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம் வெளிச்சம்.

ரோமின் அந்நாளைய நிலவறை அரங்குகளில் ஒன்றிரண்டு சிறு விளக்குகளோடு நாடகம் போடுவார்கள். அப்போது கையில் கிடைத்த வண்ண 16 மி.மீ. ரிவர்சல் பிலிமின் (நெகட்டிவ் இல்லாமல் நேரடியாகப் படமாகும் பிலிம்) வேகம், அதாவது ஒளியை உணரும் திறன், 125 ஏ.எஸ்.ஏ. அளவில்தான் இருந்தது. நொடிக்கு 24 அல்லது 25 ஃப்ரேம் ஓடும் கேமராவில் ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் கிடைப்பது ஏறத்தாழ 1/50 நொடி. லென்ஸை எஃப் 2 வரை திறந்தாலும் முகத்தில் 400 லக்ஸ் (வெளிச்சத்தின் அலகு) விழ வேண்டும். 400 ஏ.எஸ்.ஏ. கறுப்பு வெள்ளைப் பிலிம் என்றால் 125 லக்ஸ் போதும். லென்ஸ் எஃப் 1.4 வரை திறக்குமானால் 60 லக்ஸ். மங்கலான விளக்கொளியில் ஒரு முகத்துக்கு 10, 20 லக்ஸ் கிடைத்தாலே பெரிது. லேபில் புஷ் செய்து, அதாவது கூடுதல் நேரம் வைத்துக் கழுவினால் ஒன்று அல்லது இரண்டு ஸ்டாப் மீட்கலாம் (ஒரு ஸ்டாப் என்பது வெளிச்சத்தில் இரு மடங்கு). அதற்கு விலை உண்டு: படத்தில் தெரியும் மணி (துகள்) பெருக்கும், கான்ட்ராஸ்ட் ஏறும், நிழலில் இருந்த நடிகர் முழுக் கறுப்பில் கரைந்துபோவார். இன்று அந்தக் காலப் பதிவுகளைப் பார்ப்பவர்கள் ‘எவ்வளவு முரட்டுத்தனமான ஒளியமைப்பு’ என்று வியக்கிறார்கள். அந்த முரட்டுத்தனத்தில் ஒரு பங்கு லேபில் பிறந்தது. மேடையில் மென்மையாக மங்கிய வெளிச்சம் பிலிமில் கத்தி வெட்டாகத் தெரியும். மாறாக, படப்பிடிப்புக்கென்று கூடுதல் விளக்கு போட்டால் நாடகமே மாறிவிடும்.

அடுத்தது நீளம். 16 மி.மீ. பிலிமில் அடிக்கு 40 ஃப்ரேம். நொடிக்கு 24 ஃப்ரேம் ஓட்டினால் நிமிடத்துக்கு 36 அடி. 400 அடி ரோல் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். 75 நிமிட நாடகத்துக்கு 2,700 அடி, அதாவது ஏழு ரோல். ரோல் மாற்றும் நேரம் விடுபடக் கூடாது என்றால் இரண்டாவது கேமரா வேண்டும், அதற்கும் பிலிம் வேண்டும். சாவி கொடுத்து ஓட்டும் போலெக்ஸ் போன்ற கேமராவில் ஒரு முறை சாவி கொடுத்தால் அரை நிமிடம்கூட ஓடாது. அதன் கடகட ஓசை சிறிய அறையில் நடிகர்களின் காதிலும் விழும். ஒலியை ஒத்திசைக்க, ஓசை அடக்கிய கேமராவும் அதோடு வேகத்தை ஒத்துவைக்கும் துடிப்புக் குறி பகிரும் நாக்ரா டேப் ரெக்கார்டரும் தேவை. இதெல்லாம் ஒரு நிலவறைக் குழுவின் ஆண்டு வரவுசெலவையே விழுங்கக்கூடியவை. அதனால்தான் 1960-களிலிருந்து நமக்குக் கிடைப்பவை பெரும்பாலும் துண்டுகள்: ஒலியில்லாத மூன்று நிமிடம், யாரோ ஒருவர் நண்பருக்காக எடுத்த ஒரு ரோல்.

ஆல்பெர்த்தோ கிரிஃபி என்ற ரோம் திரைக்கலைஞர் இந்தக் கணக்கை உடைத்தவர். நடிகர் மாஸ்ஸிமோ சார்கியெல்லியோடு சேர்ந்து அவர் செய்த ‘அன்னா’ 225 நிமிடம் ஓடும். அதன் பெரும்பகுதியைத் திறந்த சுருள் வீடியோ நாடாவில் எடுத்தார்கள். நாடாவை அழித்து மறுபடி பயன்படுத்தலாம், அரை மணி நேரம் நிறுத்தாமல் ஓட்டலாம், எடுத்ததை அங்கேயே போட்டுப் பார்க்கலாம். ஆனால் 1970-களில் அதைத் திரையரங்கில் காட்ட வழியில்லை. கிரிஃபி ‘விதிகிராஃபோ’ என்று ஒரு கருவியைத் தானே கட்டி, வீடியோவை 16 மி.மீ. பிலிமுக்கு மாற்றினார். இது சின்ன வேலை அல்ல. வீடியோப் படம் நொடிக்கு 50 அரைப்படங்களாக வரைந்துகொண்டே இருக்கும். பிலிம் கேமராவின் ஷட்டர் தவறான கணத்தில் திறந்தால் படத்தின் குறுக்கே கறுப்புப் பட்டை ஓடும். ஷட்டரையும் வீடியோவின் துடிப்பையும் கட்டிப்போட்டால்தான் பட்டை நிற்கும். ‘அன்னா’ நாடகப் பதிவு அல்ல. ஆனால் நிறுத்தாமல் நீளமாக ஓடும் நாடா என்ன தரும் என்பதை அது காட்டியது. நாடகக்காரர்களும் வீடியோ பக்கம் வந்தார்கள்.

வீடியோவுக்கும் தனிக் குறைகள் இருந்தன. அந்தக் கேமராக்களில் படத்தைப் பிடிக்கும் விடிகான் குழாய் பிரகாசமான விளக்கைப் பார்த்துவிட்டால் அதை மறக்காது. கேமரா நகர்ந்த பின்னும் விளக்கின் வெள்ளை வால் படத்தில் இழுபடும். நேரம் அதிகமானால் குழாயில் நிரந்தரத் தழும்பே விழுந்துவிடும். கறுப்புப் பின்னணி, ஒற்றை விளக்கு என்ற நிலவறை அழகியலுக்கு இதைவிட மோசமான கருவி கிடையாது.

இருமுறை நடந்து ஒருமுறை பதிவானது

இத்தாலியில் உருவான நாடக ஆவணங்களில் மிக வியப்பானது ஒரு போலந்து நாடகத்தைப் பற்றியது. யெர்ஸி குரோதோவ்ஸ்கி இயக்கிய ‘கான்ஸ்டன்ட் பிரின்ஸ்’ 1965-இல் போலந்தின் வ்ரோத்ஸ்வாஃபில் தொடங்கி, 1967-இல் இத்தாலியின் ஸ்போலேத்தோ விழாவுக்கு வந்தது. பார்வையாளர்கள் உயரமான பலகைத் தடுப்புக்கு வெளியே அமர்ந்து, அதன் மேல் விளிம்பு வழியாகக் கீழே எட்டிப் பார்க்க வேண்டும். செய்யக் கூடாத ஒன்றை ஒளிந்து பார்ப்பது போன்ற நிலை அது. இந்த நாடகத்தின் ஒலியில்லாத பதிவு ஒன்று இருந்தது, ஒரே இடத்தில் நிலையாக வைத்த கேமராவில் எடுத்தது. வேறொரு ஊரில் வேறொரு நாளில் எடுத்த ஒலிப்பதிவு தனியாக இருந்தது. ரோம் பல்கலைக்கழகத்தில் ஃபெருச்சோ மரோத்தியின் குழு இரண்டையும் சேர்த்துப் பார்த்தது. ஒத்துப்போயின. நாயகனாக நடித்த ரிஷார்த் சியேஷ்லாக்கின் நீண்ட தனியுரைகளின் மூச்சும் அசைவும் இருவேறு நாட்களுக்கு நடுவில் அவ்வளவு துல்லியமாக இருந்திருக்கின்றன.

அந்தப் படம் தெளிவில்லாதது, கோணம் மாறாதது, மணி தெறிப்பது. ஆனால் கேமரா பார்வையாளரைப் போலவே மேலிருந்து கீழே பார்க்கிறது. யாருடைய வசதிக்காகவும் கிட்டே போகவில்லை. நல்ல வெளிச்சத்தில் மூன்று கேமரா வைத்து வெட்டி ஒட்டியிருந்தால், நடிப்பின் காலத்துல்லியம் என்ற மிக முக்கியமான செய்தி எடிட்டிங் மேசையில் காணாமல் போயிருக்கும். வெட்டாத ஒரே ஷாட் நாடக ஆவணத்தில் ஏன் முதல் தேவை என்று கேட்பவர்களுக்கு இதைத்தான் காட்ட வேண்டும்.

ஒரே நேரத்தில் பல காட்சி

இயக்குநர் லூகா ரொன்கோனியின் ‘ஒர்லாண்டோ ஃபூரியோசோ’ இதற்கு நேர் எதிரான கணக்கு. அரியோஸ்தோவின் காவியத்தை எதோவார்தோ சாங்குவினேத்தி நாடகமாக்க, 1969 ஜூலை 4 அன்று ஸ்போலேத்தோவின் சான் நிக்கொலோ தேவாலயத்தில் முதல் காட்சி. நாற்காலி கிடையாது. இரண்டு முனைகளிலும் மேடைகள், நடுவே வெறும் தரை. நடிகர்கள் நிற்கும் சக்கர வண்டிகளைக் கூட்டத்துக்குள் தள்ளிக்கொண்டு வருவார்கள். ஆட்கள் விலகி ஓடுவார்கள். பல காட்சிகள் ஒரே நேரத்தில் நடக்கும். எல்லாவற்றையும் பார்த்த பார்வையாளர் என்று ஒருவரும் இல்லை. இதைப் பார்த்துவிட்டு வந்த நண்பர்கள் மூவர் மூன்று நாடகத்தைச் சொல்வார்கள், அதுதான் ரொன்கோனியின் நோக்கமும்.

இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான ராய் இதை ஒளிபரப்ப விரும்பியபோது ரொன்கோனி மேடையைப் படம் பிடிக்கவில்லை. பியர் லூயிஜி பிட்சியின் அரங்க வடிவமைப்போடு, கப்ரரோலாவின் ஃபர்னேசே மாளிகை போன்ற இடங்களில் முழுவதையும் புதிதாக எடுத்தார். 1975-இல் ஐந்து பகுதிகளாக ஒளிபரப்பானது. வண்ணத்தில் எடுத்தது, ஆனால் இத்தாலியில் முறையான வண்ண ஒளிபரப்பு 1977-இல்தான் தொடங்கியது என்பதால் வீடுகளில் கறுப்பு வெள்ளையாகத்தான் தெரிந்தது. தொலைக்காட்சிப் படைப்பாக அது அபாரம். தள்ளுவண்டிக் குதிரைகளும் மாளிகைச் சுவரோவியங்களும் ஒன்றையொன்று கூச வைக்கின்றன. ஆனால் அதில் பார்வையாளர் கூட்டம் இல்லை, ஒரே நேரத்தில் நடப்பது வரிசையாக நடப்பதாகிவிட்டது, தேர்வு ரொன்கோனியுடையது. இதை 1969 நாடகத்தின் பதிவு என்று வகுப்பில் போட்டுக் காட்டுவது தவறு. அதே இயக்குநர் அதே பிரதியை வைத்துச் செய்த இரண்டாவது படைப்பு அது.

அப்படிப்பட்ட நாடகத்தை இன்று பதிவு செய்தால் என்ன செய்வது? உயரத்தில் ஒரு கேமராவை அகலக் கோணத்தில் அசையாமல் வைக்கலாம், தரைப்படம்போல எல்லா வண்டிகளின் பாதையும் தெரியும்படி. கூட்டத்துக்குள் இரண்டு பேர் கண் மட்டத்தில் கேமராவோடு நடக்கலாம். அவர்கள் உண்மையான பார்வையாளரைப் போலத் தங்களுக்குப் பிடித்த வண்டியைத் தொடரட்டும், ஏமாறட்டும், தாமதமாகப் போய்ச் சேரட்டும். மூன்றும் ஒரே டைம்கோடில் (ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் பதிவாகும் நேரக் குறி) ஓட வேண்டும். மூன்றையும் கலந்து ஒரே படமாக வெட்டாமல், பார்ப்பவர் ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவும்படி தனித்தனியாக வைத்திருக்க வேண்டும்.

பெனே இந்த விஷயத்தில் இன்னும் கடுமையானவர். மேடையைச் சும்மா படம் பிடிப்பதில் அவருக்கு ஆர்வம் இருக்கவில்லை. ‘நோஸ்த்ரா சிஞ்ஞோரா’வை 1968-இல் திரைப்படமாக எடுத்தபோது, மாரியோ மசீனி 16 மி.மீ.-இல் ஒளிப்பதிவு செய்ய, பிறகு 35-க்குப் பெரிதாக்கினார்கள். அந்த ஆண்டு வெனிஸ் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு கிடைத்தது. மேடையின் கண்ணாடிச் சன்னல் செய்த வேலையைப் படத்தில் வெட்டும் மிகைவண்ணமும் குரல் அடுக்குகளும் செய்கின்றன. ஹாம்லெட்டையும் இப்படியே மேடையில் பலமுறை, 1973-இல் சினிமாவாக, 1974-இல் தொலைக்காட்சிக்காகக் கறுப்பு வெள்ளையில் என்று ஒவ்வொரு ஊடகத்திலும் கலைத்துப் போட்டார். ஒன்று மற்றொன்றுக்குச் சான்று ஆகாது.

திரை மேடைக்கே வந்த பிறகு

1980-களில் வீடியோ மேடைமேல் ஏறிவிட்டது. நேப்பிள்ஸில் மாரியோ மர்த்தோனேயின் ‘ஃபல்சோ மொவிமெந்தோ’ குழு 1982-இல் செய்த ‘தாங்கோ கிளாச்சாலே’யில் அரங்கமே புரொஜெக்‌ஷனால் ஆனது. ஜோர்ஜோ பர்பேரியோ கோர்செத்தியும் மிலானின் ஸ்தூதியோ அத்சூர்ரோவும் சேர்ந்து 1987-இல் ஜெர்மனியின் கஸ்ஸெல் நகரில் நடக்கும் தொக்குமெந்தா கலைக் கண்காட்சிக்காகச் செய்த ‘லா கேமரா அஸ்த்ராத்தா’வில், டிவி மானிட்டர்கள் மேடையில் நகரும், மேடைக்குப் பின்னால் மறைவாக நடிகர்கள் கேமரா முன் நடிக்க, அவர்கள் உடல் மானிட்டரிலிருந்து மானிட்டருக்குத் தாண்டும். 1985-இல் ரிச்சோனேயில் நாடக வீடியோவுக்கென்றே தனி விழா தொடங்கியதற்கு இந்தச் சூழல்தான் காரணம்.

இத்தகைய நாடகத்தை முன்னாலிருந்து படம் பிடித்தால் மானிட்டர்கள் வெளுத்துப்போகும், அல்லது நடிகர் இருண்டுபோவார். இரண்டுக்கும் பொதுவான எக்ஸ்போஷர் அரிதாகவே கிடைக்கும். ஷட்டர் வேகம் தப்பினால் திரையில் பட்டை உருளும். அதைவிட முக்கியம், பின்கட்டுக் கேமராக்களிலிருந்து வந்த சிக்னல்களைத் தனித்தனியே பதிந்து வைப்பது. மானிட்டர் நகரும் தண்டவாளத்தின் வரைபடம், எந்த நொடியில் எந்தக் கேமரா எந்த மானிட்டருக்குப் போகிறது என்ற க்யூ தாள் இரண்டும் படத்துக்குச் சமமான ஆவணங்கள். ‘தாங்கோ கிளாச்சாலே’ 2018-இல் இளம் நடிகர்களோடு மறுபடி மேடையேறியது. அப்படி ஒரு நாடகத்தை எடுத்துக் கட்டுபவருக்கு அழகான க்ளோஸப் உதவாது. கால் எந்த இடத்தில் விழுகிறது என்று தெரியும் அகலக் கோணம் உதவும்.

செசேனாவின் சொசியெத்தாஸ் ரஃபாயெல்லோ சான்சியோ குழுவின் ‘த்ராஜேதியா எந்தோகொனிதியா’ 2002 முதல் 2004 வரை பத்து நகரங்களில் பதினோரு அத்தியாயங்களாக நடந்தது. பெர்லின் அத்தியாயத்தில் அரங்கின் கீழ்த்தள நாற்காலிகளில் ஆளுயர முயல் பொம்மைகள் உட்கார்ந்திருந்தன. உண்மையான பார்வையாளர்கள் அவற்றுக்கு மேலே, பின்னால். மேடையை மட்டும் ஃப்ரேம் செய்த கேமரா அந்த முயல்களின் முதுகை இழந்துவிடும், அதோடு அத்தியாயத்தின் பாதியையும். பிரஸ்ஸல்ஸ் அத்தியாயத்தில் மேடையில் ஒரு கைக்குழந்தை தனியாக விடப்பட்டிருக்கும். குழந்தை இன்று செய்தது நாளை செய்யாது. ஒரு நாள் பதிவு அந்த நாளைத்தான் சொல்லும். கிறிஸ்தியானோ கர்லோனியும் ஸ்தெஃபானோ ஃப்ரான்செஸ்கெத்தியும் இந்தத் தொடருக்குச் செய்தது நேர்ப்பதிவு அல்ல. நினைவின் வடிவில் வெட்டப்பட்ட தனி வீடியோத் தொடர். அதை அவ்வாறே பெயரிட்டு வெளியிட்டார்கள் என்பதை மதிக்கிறேன்.

இன்று செய்கிறவர்களுக்கு

முதலில் கேமரா இல்லாமல் ஒருமுறை முழு நாடகத்தையும் பார்க்க வேண்டும். இரண்டாம் முறை ஒத்திகையில் லைட் மீட்டரோடு. அகலக் கேமராவைப் பார்வையாளரின் கண் உயரத்தில், முன்வரிசைத் தலைகளின் விளிம்பு ஃப்ரேமில் தெரியும்படி வைத்துப் பூட்டிவிடுங்கள். 50 ஹெர்ட்ஸ் மின்சாரம் உள்ள இத்தாலியில் நொடிக்கு 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50. ஒயிட் பேலன்ஸை ஹாலஜன் விளக்குக்கான 3200 கெல்வினில் நிறுத்திவிட வேண்டும். ஆட்டோவில் விட்டால் இயக்குநர் நீலத்துக்கு மாற்றிய காட்சியைக் கேமரா மெல்ல வெள்ளையாக்கிவிடும். எக்ஸ்போஷரும் அப்படித்தான். பெரிய கறுப்பு மேடையில் சின்ன முகம் ஒன்று இருந்தால் ஆட்டோ எக்ஸ்போஷர் கறுப்பைச் சாம்பலாக்கி முகத்தை வெளுக்கவைத்துவிடும். நாடகத்தின் மிகப் பிரகாசமான முகத்துக்கு அளவு வைத்துவிட்டு, கறுப்பைக் கறுப்பாக விடுங்கள். மெல்லிய வலைத்திரை தொங்கும் நாடகங்களில் ஆட்டோ ஃபோகஸ் வலையைப் பிடித்துக்கொள்ளும். வலைக்குப் பின்னால் ஒருவரை நிறுத்தி, வேலை விளக்கில் ஃபோகஸ் பார்த்து, லென்ஸ் வளையத்தில் டேப் ஒட்டிக் குறித்துவிட வேண்டும். ஸ்ட்ரோப் விளக்கு வந்தால் வரிவரியாகப் படிக்கும் சென்சாரில் மேல்பாதி வெள்ளை, கீழ்ப்பாதி கறுப்பு என்று ஃப்ரேம் உடையும். முழு ஃப்ரேமையும் ஒரே கணத்தில் படிக்கும் குளோபல் ஷட்டர் கேமரா ஒன்று இருந்தால் அகலக் கோணத்துக்கு அதையே வையுங்கள்.

ஒலியில்தான் பெரும்பாலான பதிவுகள் தோற்கின்றன. அரங்கின் ஒலி மிக்ஸரிலிருந்து வரும் இணைப்பில் மைக் வழியாகப் போன குரலும் இசையும் மட்டும் இருக்கும். வெறும் குரலில் பேசியது, காலடி, தரையில் விழுந்த பொருள் எதுவும் இராது. பார்வையாளர் இருக்கையில் ஒரு ஜோடி மைக் கட்டாயம். ஆனால் அந்த ஜோடி மேடையிலிருந்து 17 மீட்டர் தள்ளியிருந்தால் ஒலி 50 மில்லி நொடி தாமதமாக வரும், ஒரு ஃப்ரேமைவிட அதிகம். அதை நகர்த்தாமல் மிக்ஸர் தடத்தோடு கலந்தால் குரல் இரட்டிக்கும். தொடக்கத்தில் மட்டுமல்ல, முடிவிலும் ஒரு கிளாப் அடியுங்கள். இரண்டு கருவிகளின் கடிகாரங்களுக்கு நடுவே பத்து லட்சத்தில் 20 பங்கு வித்தியாசம் இருந்தால், 90 நிமிடத்தில் இரண்டரை ஃப்ரேமுக்கு மேல் விலகிவிடும். முடிவுக் கிளாப் இல்லாமல் அது எவ்வளவு என்று தெரியாது.

கிட்டப் போக வேண்டுமென்றால் பார்வையாளர் இல்லாத நாளில் தனியாகப் போய் எடுங்கள். அதை வேறு நாள் என்று எழுதியே வையுங்கள்.

எடுத்த பிறகு காப்பது தனி வேலை. 1970-களின் நாடாக்களில் பசைப்பொருள் காற்றின் ஈரத்தை உறிஞ்சிக் கூழாகிறது. அப்படியே ஓட்டினால் படிப்பு முனையில் அப்பிக்கொண்டு, காந்தப் பூச்சோடு சேர்ந்து உரிந்து வரும். சுமார் 50 டிகிரி செல்சியஸில் பல மணி நேரம் உலர்த்தினால் கொஞ்ச காலத்துக்கு ஓடும்; அந்த இடைவெளிக்குள் டிஜிட்டலுக்கு மாற்றிவிட வேண்டும். கிரிஃபி தன் கடைசிக் காலத்தில் பழைய நாடாக்களைக் கழுவும் இயந்திரம் ஒன்றைத் தானே செய்து வைத்திருந்தார். அசிட்டேட் பிலிமுக்கு நோய் வேறு: பெட்டியைத் திறந்ததும் வினிகர் நெடி அடித்தால் சுருங்கத் தொடங்கிவிட்டது என்று பொருள். அதை மற்ற பிலிம்களிடமிருந்து பிரித்துக் குளிரில் வைத்து, ஸ்கேனுக்கு முதலில் அனுப்ப வேண்டும்.

வெட்டிய படத்தை மட்டும் வைத்துக்கொண்டு மூலத்தை அழிக்கும் பழக்கம் இன்னும் இருக்கிறது. பெனே 1979-இல் தூரினில் ராய்க்காக எடுத்த ‘ஒத்தெல்லோ’ எடிட்டிங் முடியாமலே கிடந்தது. மூல நாடாக்கள் பத்திரமாக இருந்ததால் 2002-இல் அது முழுப் படமாக வெளிவந்தது.

ஒவ்வொரு பதிவோடும் ஒரு தாள் போக வேண்டும். எந்தத் தேதி, எந்தக் காட்சி, பார்வையாளர் இருந்தார்களா. கேமரா எத்தனையாவது வரிசையில், தரையிலிருந்து எவ்வளவு உயரத்தில், எந்த லென்ஸில். பார்வையாளர் அமர்ந்தார்களா நின்றார்களா நடந்தார்களா, அந்த இடத்திலிருந்து எது மறைந்தது. படப்பிடிப்புக்காக வெளிச்சத்தில் எதை மாற்றினார்கள். எந்த ஒலித்தடம் எந்த மைக். எங்கே வெட்டு, எந்த ஷாட் வேறு நாளில் எடுத்தது. கூடவே இருக்கை வரைபடம் ஒன்று, அதில் கேமராக்களின் இடம் பேனாவால் குறித்தது.